முட்டை போடாத புடிங்

என் கணவரின் அக்காவை எனக்குப் பிடிக்காது. அவருக்கும் என்னைப் பிடிக்காது. கோப்பாயில் எங்கள் ஒழுங்கையில் குடியிருக்கிற எல்லோருக்கும் இது தெரியும் என்பதால், இங்கே மட்டும் பூசிமெழுகுவதில் பயனில்லை. சண்டை எதில் தொடங்கியது என்று கேட்டால்தான் ஆட்கள் சிரிப்பார்கள். ஒரு மாம்பழப் புடிங்கில்.

நான் பருத்தித்துறையில் பிறந்தவள். மீன் இல்லாமல் ஒரு நேரச் சோறு இறங்காத வீடு. கல்யாணத்துக்கு முன்னர் நான்கு வருடம் யாழ்ப்பாண நகரத்தில் ஒரு விருந்தினர் விடுதியின் குசினியில் வேலை செய்தேன். வெளிநாட்டுக்காரர் வந்து தங்குகிற இடம். பழத்தை அடியில் பரப்பி, மேலே மாவையும் பட்டரையும் சீனியையும் விரல் நுனியால் உதிரியாகப் பிசைந்து தூவி, அவன் என்கிற மின்சார அடுப்பில் வைத்துச் சுடுகிற ஒரு இனிப்பை அங்கேதான் பழகினேன். அவர்கள் அதற்கு அப்பிள் போடுவார்கள். எனக்கு அப்பிளில் நம்பிக்கை வரவில்லை. கறுத்தக்கொழும்பான் மாம்பழத்தை வெட்டிப் போட்டு, கொஞ்சம் தேசிக்காய்ப் புளி விட்டு, மேல் மாவில் கஜுப் பருப்பை உடைத்துக் கலந்து பார்த்தேன். பழச்சாறு ஓரங்களில் கொதித்துப் பாகாகி, மேலே மொறுமொறு என்று வந்தது. சூட்டோடு சாப்பிட வேண்டும். ஆறினால் அது வேறு சாமான்.

அதில் முட்டை இல்லை. இதைத்தான் முக்கியமாகச் சொல்ல வேண்டும். ஏனென்றால் நான் வாழ வந்த வீட்டில், பின் வாசலால்கூட முட்டை உள்ளே வந்தது கிடையாது. தோட்டம் செய்கிற சைவக் குடும்பம். மாமா காலமான பிறகு மாமிதான் வீட்டுக்குப் பெரியவர். மூத்தவர்தான் அந்த அக்கா, நான் மச்சாள் என்று கூப்பிடுகிறவர்; அரியாலையில் கட்டிக்கொடுத்திருந்தார்கள். அங்கே அவருடைய பிள்ளைகள் முட்டை சாப்பிடுவார்கள். மாமிக்கு அது தெரியும், தெரியாததுபோல இருப்பார். அடுத்தவர் என் கணவர். கடைக்குட்டி கனடாவில்.

கல்யாணம் முடிந்து இரண்டாம் மாதம் குடும்பம் எல்லாம் கூடிய ஒரு ஞாயிற்றுக்கிழமை அந்தப் புடிங்கைச் செய்தேன். மாமி ஒரு கரண்டி வாயில் வைத்தார்.  பிறகு கிண்ணத்தை நீட்டினார்.

"இன்னும் கொஞ்சம் போடு பிள்ளை."

அன்றைக்கு மேசையின் மற்றப் பக்கத்தில் ஒரு பெரிய சட்டி ரவைக் கேசரி இருந்தது. மச்சாள் அரியாலையிலிருந்து மடியில் வைத்துக்கொண்டு வந்தது. நான் வருவதற்கு முன்னர் அந்த வீட்டின் எல்லாக் கூட்டத்துக்கும் அவருடைய கேசரிதான் இனிப்பு. அன்றைக்கு அதில் நாலு பேர் கைவைத்திருப்பார்கள். மிச்சத்தை அவர் மூடிக் கட்டித் திரும்பக் கொண்டுபோனார். எனக்கு அதைப் பார்க்கச் சந்தோசமாக இருந்தது. நல்ல மருமகளுக்கு இருக்கவேண்டிய சந்தோசம் இல்லை என்று தெரிந்தும் இருந்தது.

அதற்குப் பிறகு எந்தக் கூட்டமென்றாலும் புடிங்தான். பிறந்தநாள், பொங்கல் பின்னேரம், கனடாக்காரர் வந்து நிற்கிற ஆடி மாதம். மாம்பழம் இல்லாத காலத்தில் அன்னாசி. மத்தியானச் சாப்பாடு முடிந்து எல்லோரும் விறாந்தையில் சரிந்திருக்க, மூன்று மணிபோல அவனிலிருந்து வாசம் கிளம்பும். பிள்ளைகள் குசினி வாசலில் வந்து நிற்பார்கள். மச்சாளும் தவறாமல் கேசரி கொண்டுவருவார், தவறாமல் திரும்பக் கொண்டுபோவார். போகும்போது ஏதாவது ஒன்றைச் சொல்லிவிட்டுத்தான் போவார்.

"ஹோட்டல் சாமான் எண்டால் எல்லாருக்கும் வாய் ஊறும்தானே."

இன்னொரு நாள், நான் கேட்கக்கூடிய தூரத்தில் நிற்கிறேன் என்று தெரிந்துகொண்டே மாமியிடம்: "மீன் வெட்டின கையம்மா. எத்தினை தரம் கழுவினாலும் என்ன?"

நானும் சும்மா இருக்கவில்லை. அவர் வருகிற நாட்களில் புடிங் சுடுகிற தட்டைப் பெரிதாக்கினேன். கேசரிச் சட்டியை மேசையின் தொங்கலுக்குத் தள்ளி வைத்தேன்.

நடந்தது கோயில் திருவிழாக் காலத்தில். கொடி ஏறியிருந்தது. அந்த நாட்களில் எங்கள் வீட்டில் வெங்காயம் உரிப்பதற்கே மாமியின் முகத்தைப் பார்க்க வேண்டும். பூசை முடிந்து வந்து எல்லோரும் சாப்பிட்டார்கள். பதினாறு பேர் இருந்தோம். நான் புடிங்கைத் துணியால் பிடித்துக்கொண்டு வந்து மேசையில் வைத்தேன். மாமி முதல் கிண்ணத்தை முடித்து இரண்டாவதில் பாதிக்கு வந்திருந்தார். மச்சாள் ஒரு கரண்டி எடுத்தார், மூக்கடியில் பிடித்தார், கீழே வைத்தார்.

"இதிலை முட்டை கிடக்குது."

சத்தம் போட்டுச் சொல்லவில்லை. மணி எத்தனை என்று சொல்வதுபோலச் சொன்னார்.

"இல்லை மச்சாள். ஒருநாளும் போடுறேல்லை."

"நான் என்ரை பிள்ளையளுக்கு முட்டை அவிக்கிறனான். எனக்கு மணம் தெரியாதோ? அம்மா, நீங்கள் வையுங்கோ அதை."

மாமியின் கை அப்படியே நின்றது. நான் அவருக்கு முன்னால் போய் நின்றேன்.

"மாமி, பிள்ளையாராணை நான் போடேல்லை."

"கொடி ஏறிக் கிடக்கேக்கை ஆணையிடாதை" என்றார் மாமி. எழுந்தார். தட்டைத் தானே தூக்கினார். அதன் சூடு கையில் பட்டிருக்கும், முகத்தில் காட்டவில்லை. பின் வாசலால் போய் வாழையடியில் முழுவதையும் கவிழ்த்துக் கொட்டினார். பிறகு கிணற்றடிக்குப் போய், உடுத்த சேலையோடு தலையில் அள்ளி ஊற்றினார். வெயில் கொளுத்திக்கொண்டிருந்தது. பதினைந்து பேர் விறாந்தையில் நின்று பார்த்தோம். மச்சாளும் பார்த்துக்கொண்டுதான் நின்றார். அவருடைய முகத்தில் சிரிப்பு ஒன்றும் இல்லை. இருந்திருந்தால் எனக்கு இலகுவாக இருந்திருக்கும்.

என் கணவர் நல்ல மனிதர். கதைக்கவேண்டிய இடத்தில் கதைக்கமாட்டார் என்பது ஒன்றுதான் குறை, அந்த ஒன்றே போதும். "விடு. அம்மாவுக்கும் வயசு போட்டுது" என்றார். யார் சொன்னது பொய் என்று அவர் கேட்கவே இல்லை.

பிறகு மாதக்கணக்காக மாமி என் சமையலை விசாரித்தார். புட்டை வைத்தால், "இதிலை ஒண்டும் போடேல்லையே?" பயற்றங்காய்க் கறியை வைத்தால், அகப்பையால் கிளறிப் பார்ப்பார். பயற்றங்காய்க்குள் யார் முட்டை வைப்பார்கள்? நான் பதில் சொல்லாமல் பாத்திரத்தை வைத்துவிட்டு வருவேன். தனியாக நிற்கும்போது குசினிச் சுவரோடு சண்டை பிடிப்பேன்.

தைப்பொங்கலுக்கு முன்னர் கனடாவிலிருந்து கடைக்குட்டி போன் எடுத்து, ஆடிக்கு வருகிறேன், அந்தப் புடிங் வேண்டும் என்று சொன்னார். மாமி யோசித்தார். பிறகு குசினிக்குள் ஒரு கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"செய். எனக்கு முன்னாலை செய்."

அன்னாசியை வெட்டினேன். மாவை அளந்தேன். பட்டரைப் பிசைந்தேன். ஒவ்வொன்றையும் டப்பாவோடு தூக்கிக் காட்டச் சொன்னார், காட்டினேன். சுங்கத்தில் பெட்டியைத் திறந்து காட்டுகிற மாதிரி. வெந்து வந்ததைச் சாப்பிட்டுவிட்டு, "சுத்தம்" என்றார். அந்த ஒரு சொல்லைச் சொல்ல அவருக்கு எந்த உரிமையும் இல்லை என்று எனக்குப் பட்டது. மூன்று தரம் அப்படிக் கதிரையில் இருந்து பார்த்தார். நான்காவது தரம் கதிரை வரவில்லை. "நீ செய் பிள்ளை, நான் நம்பிறன்" என்றார்.

சந்தேகப்பட்ட காலம் முழுவதும் ஒரு முட்டையைத் தொடாமல் இருந்தவள் நான். நம்புகிறேன் என்று சொன்ன பிறகுதான் எனக்கு அந்த எண்ணம் வந்தது. இதை நினைத்துப் பார்க்க இப்போதும் எனக்கு நல்லாயில்லை. ஆனால் அப்போது, அது நியாயம் என்றே பட்டது. செய்யாத குற்றத்துக்குத் தண்டனை அனுபவித்தாயிற்று. இனிக் குற்றத்தைச் செய்யலாம்.

ஆடி மாதம் கனடாக் குடும்பம் வந்தது. கோயிலில் கொடி ஏறியிருந்தது. முதல் நாள் ஒழுங்கை முகப்புக் கடையில் இரண்டு முட்டை வாங்கி, துவாய்க்குள் சுற்றி அலுமாரியில் வைத்தேன். அடுத்த நாள் காலை மற்றவர்கள் கோயிலுக்குப் போயிருந்த நேரம் சீனியும் பட்டரும் சேர்த்து அடித்து, முட்டை இரண்டையும் உடைத்து ஊற்றினேன். நன்றாக நுரைக்கும்வரை அடித்தேன். மா, கறுவா, வனிலா. மாம்பழத்துக்கு மேலே அதை ஊற்றினேன். முட்டைக்கோதைக் கொண்டுபோய்ப் பக்கத்து வீட்டு வேலிக்கு அங்காலே, கோழிக்கூட்டடியில் எறிந்தேன். அது முட்டைக்கோதுக்கு உரிய இடம், யாரும் கேட்கமாட்டார்கள். அவ்வளவுக்கு யோசித்திருந்தேன்.

மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு சுட்டு, மூன்று மணிக்கு வெளியே எடுத்தபோது மேற்பரப்பு பொன்னிறமாகப் பொங்கியிருந்தது. மாமி சாப்பிட்டார்.

"இண்டைக்கு என்ன இது, பஞ்சு மாதிரிக் கிடக்கு?"

"தயிர் விட்டு அடிச்சனான் மாமி."

"இதுதான் திறம். முந்தினதெல்லாம் மண்ணாங்கட்டி."

இரண்டாந்தரம் கேட்டார். மூன்றாந்தரமும் கேட்டார். நான் ஒவ்வொரு முறையும் கரண்டி நிறையப் போட்டேன்.  அவருடைய வாய் அசைவதை நான் பார்த்துக்கொண்டே நின்றேன். அந்தப் பதினைந்து நிமிடமும் எனக்கு அவ்வளவு ருசியாக இருந்தது.

அப்போதுதான் மச்சாள் கரண்டியை எடுத்தார். வாயில் வைத்தார். மென்றது நின்றது. நிமிர்ந்து என்னைப் பார்த்தார். பிறகு குனிந்து, கிண்ணத்தில் இருந்ததை முழுவதும் சாப்பிட்டு முடித்து, கிண்ணத்தோடு எனக்குப் பின்னால் குசினிக்குள் வந்து கதவைச் சாத்தினார்.

"முட்டை போட்டனீர்."

"ஓம்."

"எத்தினை?"

"ரெண்டு."

"கோது எங்கை?"

"பக்கத்து வீட்டுக் கோழிக்கூட்டடியிலை."

அவர் சுவரில் சாய்ந்தார். "அப்ப யோசிச்சுத்தான் செய்திருக்கிறீர்."

"போன வருசம் நீங்களும் யோசிச்சுத்தானே சொன்னனீங்கள்? கதவு பூட்டிக் கிடக்கேல்லை. போய்ச் சொல்லுங்கோவன். உங்கடை அம்மா விறாந்தையிலை இருக்கிறா."

அவர் போனார். கதவில் கையை வைத்தார். திறக்கவில்லை. வெளியே மாமி பேரப்பிள்ளைகளோடு ஏதோ சொல்லிச் சிரிப்பது கேட்டது.

"மூண்டு தரம் வாங்கிச் சாப்பிட்டிட்டா" என்றார் மச்சாள். "இப்ப சொன்னால் தாங்கமாட்டா."

"போன வருசம் தாங்கினவதானே?"

"போன வருசம் ஒண்டும் இல்லைத்தானே அதுக்குள்ளை."

அவருடைய வாயாலேயே வந்துவிட்டது. நான் ஏன் என்று கேட்டேன். 

"நான் பள்ளிக்கூடம் போன நாளையிலையிருந்து இந்த வீட்டிலை என்ரை கேசரிதான். நீர் ஒரு தட்டைக் கொண்டந்து வைச்சீர். அண்டையிலையிருந்து அம்மா என்னட்டை ஒண்டும் கேக்கிறேல்லை. அரியாலையிலையிருந்து கொண்டாறன், கொண்டுபோறன். ஒருத்தரும் ஏனெண்டு கேக்கேல்லை."

அவருடைய கண் கலங்கியிருந்தது. நான் அந்த இடத்தில் ஏதாவது நல்லதாகச் சொல்லியிருக்கலாம். இடம் இருந்தது, நேரமும் இருந்தது.

"அதுக்கு?" என்றேன்.

அவர் கிண்ணத்தைத் தொட்டிக்குள் வைத்துவிட்டு வெளியே போனார். அன்றைக்கு யாரும் யாருக்கும் எதுவும் சொல்லவில்லை.

என் சந்தோசம் நாலு நாள் இருந்தது. ஐந்தாம் நாள் மாமி, "அந்தத் தயிர்ப் புடிங்கைச் செய்யன்" என்றார். உண்மையிலேயே தயிர் விட்டு அடித்துச் செய்தேன். அது களி மாதிரி அமுங்கி வந்தது. "அண்டைக்கு மாதிரி இல்லை" என்றார். தயிரைக் குறைத்தேன், சோடாமாவைக் கூட்டினேன். "இல்லைப் பிள்ளை. அண்டைக்கு என்னவோ செய்தனீ." மூன்றாந்தரமும் அதே சொல். பிறகு ஒரு நாள், வெள்ளிக்கிழமை கோயிலுக்குப் போய் வந்து அதைச் சாப்பிட வேண்டும், சரியாகச் செய், என்று ஒரு பிள்ளையைப்போலக் கேட்டார்.

நான் கடைக்குப் போய் இரண்டு முட்டை வாங்கினேன். வெள்ளிக்கிழமை காலையில் அவற்றைக் கையில் எடுத்துக்கொண்டு குசினியில் நின்றேன். முதல் தரம் கோபம் இருந்தது, கை தானாகவே வேலை செய்தது. இப்போது கோபத்தைத் தேடினேன். போதுமான அளவு கிடைக்கவில்லை. போட்டால் இனி ஒவ்வொரு கூட்டத்துக்கும் போட வேண்டும். போடாவிட்டால் ஒவ்வொரு கூட்டத்திலும் "அண்டைக்கு மாதிரி இல்லை" என்பதைக் கேட்க வேண்டும். நானே கட்டிய கண்ணிக்குள் நான் நின்றேன்.

மாமி கோயிலால் வந்து, விறாந்தையில் இருந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். நான் முன்னால் போய் நின்றேன்.

"மாமி, அண்டைக்கு நான் தயிர் விடேல்லை."

"அப்ப?"

"முட்டை."

கீரைத் தண்டு கையில் இருந்தது. "தெரியாமல் விழுந்ததோ?"

"இல்லை. தெரிஞ்சுதான் போட்டனான்."

அவர் கத்தவில்லை. கீரைத் தண்டைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்.

"நான் எத்தினை தரம் வாங்கினனான்?"

"மூண்டு."

தலையைக் குனிந்தார். அவர் என்னைத் திட்டியிருந்தால் நான் திருப்பிக் கதைத்திருப்பேன்; நாக்கில் எல்லாம் தயாராக இருந்தது. ஆனால் அவர் வெட்கப்பட்டார். தன் வாயை நினைத்து வெட்கப்பட்டார். அதைப் பார்த்துக்கொண்டு நிற்க முடியாமல்தான் அடுத்ததையும் சொன்னேன் என்று நினைக்கிறேன். அல்லது அதுவும் வெறும் வன்மம்தான்.

"மச்சாளுக்கும் தெரியும். அண்டைக்கே தெரியும்."

அதைச் சொல்லவேண்டிய எந்த அவசியமும் இருக்கவில்லை.

மாமி கிணற்றடிக்குப் போனார். வாளி விழுகிற சத்தம் விடாமல் கேட்டுக்கொண்டிருந்தது. அடுத்த நாள் காலை ஒரு பையில் நாலு சேலையை எடுத்துக்கொண்டு, ஓட்டோ பிடித்து அரியாலைக்குப் போனார். எனக்குப் போய்வருகிறேன் என்று சொல்லவில்லை. என் கணவர் தோட்டத்தால் வந்து விசயத்தைக் கேட்டார். முகம் கறுத்தது.

"ஏன் சொன்னனீ?" என்றார்.

ஏன் போட்டாய் என்று அவர் கேட்கவில்லை. ஒரு கிழமைக்கு நாங்கள் இருவரும் சாப்பாடு, தண்ணீர், வாசற் படலைப் பூட்டின் திறப்பு தவிர வேறு எதையும் கதைக்கவில்லை.

மூன்றாம் கிழமை ஓட்டோ ஒன்று படலையில் வந்து நின்றது. மாமி இறங்கினார், பின்னால் பையோடு மச்சாள். அவர் பையைப் படலைக்கு உள்ளே வைத்தார், தான் உள்ளே வரவில்லை.

"நான் சொல்லாமல் விட்டது துரோகமாம்" என்றார் என்னிடம். "அம்மா அங்கையும் என்ரை கையாலை ஒரு வாய் தண்ணி குடிக்கேல்லை. உம்மாலை எனக்கு அம்மாவும் இல்லை."

"என்னாலை மட்டுமோ?" என்றேன். அவர் ஓட்டோவில் ஏறிவிட்டார்.

மாமி விறாந்தைத் தூணைப் பிடித்துக்கொண்டு நின்றார். என்னைப் பார்க்காமல், முற்றத்தைப் பார்த்துச் சொன்னார்.

"முதல் வருசம் நீ போடேல்லையாம். அவள் சொன்னாள்."

"அண்டைக்கே நான் சொன்னனான்தானே?"

"ஓம். சொன்னனீதான்." பிறகு, "அதுக்குப் பிறகு ஏன் போட்டனீ?"

"நீங்கள் கொட்டினபடியாலை."

அந்தப் பதிலை அவர் ஏற்றுக்கொண்டாரா என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. தலையை ஆட்டினார். "இனி என்ரை சமையலை நான் பாக்கிறன்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். மன்னிப்புக் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை.

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் இரண்டு அடுப்பு. முன் குசினி எனக்கு. பின் விறாந்தையில் ஒரு காஸ் அடுப்பு, இரண்டு சட்டி, ஒரு அகப்பை மாமிக்கு. மருந்துக் குளிசையை நான் எடுத்துக் கொடுத்தால் வாங்குவார். தண்ணீரைத் தானே வார்த்துக்கொள்வார். காய்ச்சல் வந்த மூன்று நாளும் பாணைத் தேத்தண்ணியில் தோய்த்துச் சாப்பிட்டாரே தவிர, என் கஞ்சியைத் தொடவில்லை. சில நாட்களில் அவருடைய பிடிவாதத்தை வெறுக்கிறேன். சில நாட்களில் அந்த மூன்று கிண்ணத்தை நினைத்துக்கொள்கிறேன்.

கூட்டங்கள் நிற்கவில்லை. மச்சாள் ஒரு வருடம் வராமல் இருந்தார், பிறகு வந்தார். என்னோடு கதைப்பதில்லை, தன் தாயோடும் அளவாகத்தான். இந்த ஆடியிலும் எல்லோரும் வந்தார்கள். கடைக்குட்டியின் பிள்ளைகள் கேட்டார்கள் என்று புடிங் செய்தேன், பழைய மாதிரி, முட்டை இல்லாமல். அவனில் வைத்துவிட்டு அப்பளம் பொரித்துக்கொண்டு நின்றேன். பின் விறாந்தையில் மாமி தன்னுடைய அடுப்பில் பருப்பு அவித்துக்கொண்டிருந்தார்.

"மேல் கருகுது" என்று அங்கிருந்து சத்தம் வந்தது.

என்னைக் கூப்பிட்டுச் சொல்லவில்லை. பொதுவாகச் சொன்னார். நான் உடனே போகவில்லை. வேண்டுமென்றே இன்னும் இரண்டு அப்பளத்தைப் பொரித்து எடுத்த பிறகுதான் அவன் அடுப்பைத் திறந்தேன். ஒரு மூலை கறுத்துப் போயிருந்தது. அதைக் கத்தியால் சுரண்டி எடுத்துவிட்டு, மிச்சத்தைக் கொண்டுபோய் மேசையில் வைத்தேன். எல்லோரும் சாப்பிட்டார்கள். மாமி மட்டும் பின் விறாந்தையில் சோறும் பருப்பும் சாப்பிட்டுவிட்டு, சாப்பாட்டுக் கோப்பையைத் தானே கழுவிக் கவிழ்த்து வைத்தார்.